உடன் அழைக்கப்பட்டவர்

வழக்கில் நான் வாதியும் இல்லை, பிரதிவாதியும் இல்லை.
எனக்கென்று ஒரு ஜெர்மன் சொல் வைத்திருக்கிறார்கள்:
பைகெலாடெனெ.
உடன் அழைக்கப்பட்டவர்.
கல்யாணக் கார்டின் அடியில்
'சுற்றமும் நட்பும் சூழ' என்று போடுவார்களே,
அந்த வரிசையில் நான்.

வாதி, அன்னெக்ரெட் கெம்பர்.
பிரதிவாதி, மாநில அரசு. அதற்கு முகம் இல்லை,
ஒரு வக்கீலும் உருளைப் பெட்டியும் உண்டு.
கெம்பர், குகநேசன்:
ஆசிரியர் அறையில் எங்கள் தபால் பெட்டிகள்
பதினான்கு வருடமாக ஒட்டிக்கொண்டிருக்கின்றன.
வேதியியல் அலமாரிக்கு ஒரே சாவி.
வழக்குக்கு முன் நாங்கள் 'நீ' போட்டுப் பேசியவர்கள்.
முதல் நோட்டீஸ் வந்த திங்கட்கிழமை
'நீங்கள்' ஆனோம்.

பதவி, மேல்வகுப்பு ஒருங்கிணைப்பாளர்.
அறை எண் நூற்றுப் பதினான்கு.
என்னைத் தேர்ந்தெடுத்த கடிதம் என்னிடம் இருக்கிறது,
அறை பத்தொன்பது மாதமாகப் பூட்டியிருக்கிறது.
தீர்ப்பு வரும்வரை
அந்த நாற்காலியில் யாரும் உட்காரக் கூடாது.
வேலை மட்டும் காத்திருக்கவில்லை.
கால அட்டவணையை அன்னெக்ரெட் போடுகிறார்,
பெற்றோரின் கோபத்தைத் தொலைபேசியில் நான் வாங்குகிறேன்.
சம்பளம் இருவருக்கும் பழையது.

மதிப்பீட்டில் இருவருக்கும் ஐந்துக்கு ஐந்து.
எனக்கு எழுதியது 'தனிச்சிறப்பான அளவில்'.
அவருக்கு எழுதியது 'முழுமையான அளவில்'.
இந்த இரண்டில் எது உசத்தி என்று
ஆர்ன்ஸ்பெர்க் நிர்வாக நீதிமன்றத்தில்
மூன்று நீதிபதிகள் ஒரு முற்பகல் முழுக்க
சொல்லைத் தராசில் வைத்து
எடுத்து எடுத்துப் பார்த்தார்கள்.
ஒருவர் அகராதி கொண்டுவந்திருந்தார்.

இரண்டும் சமம் என்றால் பணிமூப்பு.
என்னைவிட ஐந்து வருடம் முன்னால் சேர்ந்தவர் அன்னெக்ரெட்.
அதில் ஐந்தரை வருடம் கணக்கில் வராது என்றார்
உருளைப் பெட்டிக்காரர்.
விரலை நக்கித் தாளைப் புரட்டினார்.
அந்த ஐந்தரை வருடத்தில் என்ன நடந்தது என்று
யாரும் கேட்கவில்லை.
எனக்குத் தெரியும்.
போர்க்கும் தீவுக்குப் பிள்ளைகளைக் கூட்டிப்போன வருடம்,
இரவு இரண்டு மணிக்கு விடுதி நடைபாதையில்
காவலுக்கு உட்கார்ந்திருந்தபோது சொன்னார்:
மகனுக்கு வலிப்பு, ஒரு நாளைக்கு ஏழெட்டு,
ஸ்பூனைக்கூடக் கையெட்டும் தூரத்தில் வைக்க முடியாது.
நீதிமன்றத்தில் நான் என் தண்ணீர்க் குவளையைப் பார்த்தேன்.
ஆறு மாதம் எனக்கு மிஞ்சியது.

திரும்பி வர மணிக்கு ஒரே ரயில்.
எதிரெதிர் இருக்கை. வேறு இடமும் இருந்தது.
நெஹைம் தாண்டியதும் பையைத் திறந்தார்.
வழக்குக் கட்டு என்று நினைத்தேன்,
ஜிலானின் இறுதித் தேர்வு விடைத்தாள்.
முதல் திருத்தம் அவர், சிவப்பு மை.
இரண்டாம் திருத்தம் நான், பச்சை.

"நான்காம் பக்கத்தில் ஏன் ஒரு புள்ளி குறைத்தாய்?"

"சமநிலை எந்தப் பக்கம் நகரும் என்று எழுதியிருக்கிறாள்.
ஏன் என்று எழுதவில்லை."

"எழுதியிருக்கிறாள். ஓரத்தில் பார். பென்சிலில்."

"பென்சில் செல்லாது."

"செல்லாது" என்றார். கொஞ்ச நேரம்
ஜன்னலில் ரூர் ஆறு கூடவே வந்தது.
"ஆனால் எழுதியிருக்கிறாள்."

விக்கெடெயில் ஒரு சைக்கிள் ஏறியது.
தாளை வாங்கிக் கண்ணருகே பிடித்தேன்.
பாதி அழிந்த சின்ன எழுத்து,
சரியான காரணம், சரியான திசை.
பயந்துகொண்டே எழுதிய மாதிரி இருந்தது.

ஃப்ரோண்டன்பெர்க் வந்தபோது
பச்சைப் பேனாவின் மூடியைக் கழற்றினேன்.
ரயில் ஆடியதில் ஒன்பதை அடித்த கோடு
கோணலாகப் போயிற்று.
பத்து என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.
அவர் வாங்கிப் பைக்குள் வைத்தார், நன்றி சொல்லவில்லை.
சொல்லியிருந்தால் எனக்குப் பிடித்திருக்காது.

தீர்ப்பு தபாலில் வரும், எட்டு வாரம் ஆகலாம்.

ஹாகன் நிலையத்தில் குடையை விரித்தபடி கேட்டார்:
"நாளை முதல் பிரிவேளை எனக்கு அமிலம் வேண்டும்.
அலமாரிச் சாவியைக் கொண்டுவருவீர்களா?"